எட்டில் ஒரு பங்கு மண்

மாவிலிப்புதூர்,
12.1.1998

மதிப்பிற்குரிய அத்தான் சிவனாண்டி அவர்களுக்கு மந்திரமூர்த்தி எழுதிக்கொண்டது.

இங்கு நானும் உங்கள் தங்கை அழகுத்தாயும் சுகம். அங்கு நீங்களும் என் அக்காள் கல்யாணசுந்தரியும் மருமகள் விஜியும் சுகமாக இருப்பதை இன்று காலை எங்கள் கொல்லையில் நின்று நேரிலேயே பார்த்துக்கொண்டேன். நீங்கள் வேப்பங்குச்சியால் பல் தேய்த்துக்கொண்டிருந்தீர்கள். மருமகள் கோழியை விரட்டிக்கொண்டிருந்தாள். அக்காள் இருமியது மட்டும் காதில் விழுந்தது. சுக்குத் தட்டிப்போட்டுக் கொடுக்கவும்.

நமக்கு நடுவில் வைப்பாறு இருக்கிறது. வருஷத்தில் பதினோரு மாதம் அது ஆறே இல்லை, மணல். இருநூறு எட்டு வைத்தால் உங்கள் வாசல் வந்துவிடும். அப்படியிருக்க எதற்குத் தபால் என்று நினைப்பீர்கள். உங்களோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை என்று கார்த்திகை மாதமே முடிவு செய்துவிட்டேன். பேசினால் நாளைக்கு இல்லை என்பீர்கள். எழுதினால் காகிதம் இருக்கும்.

விஷயம் இதுதான். கார்த்திகை வெள்ளத்தில் என் மிளகாய்த் தோட்டத்தில் நாற்பது சென்ட் கரிசல் என் கண் முன்னால் சரிந்து ஆற்றில் போனது. வெள்ளம் வடிந்த பிறகு பார்த்தால், உங்கள் பக்கம் கல்லும் கருவேல முள்ளும் கிடந்த இடத்தில் தோசைக்கல் போல மட்டமாக ஒரு ஏக்கர் புதுப் படுகை. என் பக்கம் போனது, உங்கள் பக்கம் வந்திருக்கிறது. இதைக் கண்டுபிடிக்கக் கணக்கு வாத்தியார் வேண்டாம். அது போக, தோட்டத்து மேட்டில் நின்ற என் முருங்கை, வேரும் மண்கட்டியுமாக மிதந்து வந்து உங்கள் படுகையில் நட்டுவைத்த மாதிரி நிற்கிறது. தை பிறக்கவில்லை, அதற்குள் பூவும் வைத்துவிட்டது.

இவ்வளவும் நடக்கும்போது நீங்கள் அக்கரையில் நின்றுகொண்டு துண்டை வீசி ‘வா, வா’ என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தீர்கள். என் மண்ணைத்தான் கூப்பிட்டீர்கள். பார்த்தவன் நான்.

ஆகவே என் மண்ணையும் முருங்கையையும் திருப்பித் தர ஏற்பாடு செய்யவும். அக்காளுக்கும் மருமகளுக்கும் என் அன்பு. உங்களுக்கு வணக்கம்.

இப்படிக்கு,
மந்திரமூர்த்தி


செங்கமடை,
20.1.1998

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

உன் கடிதம் நேற்றுத்தான் கிடைத்தது. உன் ஊரிலிருந்து கோவில்பட்டி போய், அங்கிருந்து சாத்தூர் வந்து, ஏழு நாள் சுற்றி என் கைக்கு வந்திருக்கிறது. அதற்குள் உன் அக்காளுக்கு இருமல் நின்றுவிட்டது. உன் பொங்கல் கரும்பு இங்கிருந்தே தெரிந்தது. நல்ல உயரம்.

தபால்காரர் பிச்சையா சைக்கிளை நிறுத்திவிட்டு, கடிதத்தின் முதுகைப் பார்த்தார், ஆற்றைப் பார்த்தார். "அண்ணாச்சி, அந்தா கொல்லையில நிக்காரே, அவரா எழுதுனது? அவிய ஒரு தும்மல் போட்டா இங்கன கேக்குமே! இதுக்கு ஒரு இன்லாண்டு, அதுக்கு ஒரு முத்திரை, அதைத் தூக்கிட்டு வர நான் ஒருத்தன்!" என்றார். மோர் கொடுத்து அனுப்பினேன்.

மண்ணை நான் கூப்பிடவில்லை மாப்பிள்ளை. மண் அப்படிக் கூப்பிட்டால் வருகிற ஜாதியும் இல்லை. ஆறு நம் ஊரில் வளைகிறது. வளைவுக்கு வெளிப்பக்கம் நீ, உள்பக்கம் நான். சந்தையிலிருந்து தலைச்சுமையோடு வருகிறவளைப் பார். வேகமாக நடக்கிற வரைக்கும் சுமையை இறக்க மாட்டாள். எங்கே நடை தளர்கிறதோ அங்கேதான் இறக்குவாள். ஆறும் அப்படித்தான். உன் பக்கம் ஓட்டமாக ஓடுகிறது, அதனால் அறுக்கிறது. என் பக்கம் வந்ததும் நடை தளர்கிறது, சுமையை இறக்குகிறது. முதலில் கனமான கல், பிறகு மணல், கடைசியில் வண்டல். இதில் உன் குற்றமும் இல்லை, என் சாமர்த்தியமும் இல்லை. நம் அப்பாமார் வீடு கட்டும்போது இடம் மாற்றிக் கட்டியிருந்தால் இன்றைக்கு நான்தான் உனக்கு எழுதிக்கொண்டிருப்பேன்.

துண்டு பற்றி எழுதியிருந்தாய். அது இருக்கட்டும்.

விஜிக்கு ஆனி பிறந்தால் மூன்று வயது முடிகிறது. அதற்குள் காது குத்திவிட வேண்டும் என்கிறாள் உன் அக்காள். வைகாசி இருபது, புதன்கிழமை, இருக்கன்குடியில் வைத்துக் குத்தலாம் என்று பார்க்கிறோம். தாய்மாமன் மடியில் உட்காராமல் காது குத்துவது நம் வழக்கத்தில் கிடையாது. அவளுக்குத் தாய்மாமன் நீ ஒருத்தன்தான். அதற்கு ஒரு பதில் எழுது.

தங்கச்சியைக் கேட்டதாகச் சொல்லவும். சொல்லாவிட்டாலும் பரவாயில்லை. இப்போது இங்கேதான் கருவேப்பிலை பறித்துக்கொண்டிருக்கிறாள்.

உன் அத்தான்,
சிவனாண்டி


மாவிலிப்புதூர்,
2.2.1998

மதிப்பிற்குரிய அத்தான் அவர்களுக்கு,

நலம். தங்கள் நலம் தினமும் கண்ணில் படுவதால் கேட்கவில்லை. நேற்று கால் விரலில் கட்டுப் போட்டிருந்தீர்கள். முள்ளா, கண்ணாடியா? முள் என்றால் எருக்கம்பால் வைக்கவும்.

தலைச்சுமை உதாரணம் படித்தேன். நல்ல உதாரணம். ஆனால் அது என் பக்கம் பேசுகிறது. கடம்பூரிலிருந்து போளிப் பெட்டியைச் சுமந்து வருகிறவள், கால் வலிக்கிறது என்று உங்கள் வாசலில் இறக்கிவைத்தால், அந்தப் போளி உங்களுடையது ஆகிவிடுமா? விஜிக்கு ஒன்று, அக்காளுக்கு ஒன்று என்று பிரித்துத் தின்றுவிடுவீர்களா?

துண்டு பற்றி ‘அது இருக்கட்டும்’ என்று எழுதியிருக்கிறீர்கள். அது எப்படி இருக்கும்? நம் காட்டில் குரல் எட்டாத தூரத்துக்குத் துண்டுதான் வாய். தலைக்கு மேலே தன் பக்கம் இழுத்து வீசினால், வா, கஞ்சி வந்துவிட்டது என்று அர்த்தம். கீழாக எதிர்ப்பக்கம் தள்ளி வீசினால், போ, மாடு இறங்கிவிட்டது, விரட்டு என்று அர்த்தம். இது பால்குடி மறந்த பிள்ளைக்கும் தெரியும். அன்றைக்கு நீங்கள் வீசியது எது என்று எனக்கும் தெரியும்.

இன்னொன்று. இரண்டு மாதமாகப் பார்க்கிறேன், உங்கள் தோளில் துண்டே இல்லை. துண்டு இல்லாமல் உங்களை நான் கல்யாணத்தன்று கூடப் பார்த்ததில்லை. அதையும் ஆறு கொண்டுபோய்விட்டதா? அதற்கு யாருக்கு எழுதியிருக்கிறீர்கள்?

வாய்ப்பேச்சு வேண்டாம். படுகை மண்ணில் மாதிரி அனுப்பவும். என் மண் அதில் இருக்கிறதா இல்லையா என்று நானே பார்த்துக்கொள்கிறேன்.

காதுகுத்து பற்றி மண் விஷயம் முடிந்த பின்.

மந்திரமூர்த்தி


செங்கமடை,
11.2.1998

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

எல்லோரும் சுகம். விரலில் பட்டது முள்தான். எருக்கம்பால் வைத்தேன், கேட்டது. நன்றி.

நீ கேட்டபடி மாதிரி மண் பவுடர் டப்பாவில் வைத்துத் தைத்து, பார்சலாக அனுப்பியிருக்கிறேன். படுகையில் நான்கு மூலையிலும் எடுத்துக் கலந்தது. நடுவில் எடுக்கவில்லை, அங்கே உன் முருங்கை நிற்கிறது. அது நன்றாக இருக்கிறது. முதல் காய் ஒரு முழம் வந்திருக்கிறது. உன்னைக் கேட்காமல் பறிக்கவில்லை என்று எழுதத்தான் நினைத்தேன். ஆனால் நேற்று அழகுத்தாய் வந்து நான்கு பறித்துக்கொண்டு போனாள். உன் வீட்டுச் சாம்பாரை விசாரித்துக்கொள்.

சாத்தூர் தபால் ஆபீசில் பார்சல் வாங்குகிற அம்மாள் டப்பாவை ஆட்டிப் பார்த்து, "உள்ள என்ன?" என்று கேட்டார்கள்.

"மண்ணு."

"மண்ணா? யாருக்கு?"

"என் பொண்டாட்டிகூடப் பொறந்தவனுக்கு."

"அப்ப சரி" என்று முத்திரை குத்திவிட்டார்கள். அவர்கள் வீட்டிலும் ஏதோ இருக்கும் போலிருக்கிறது.

மாப்பிள்ளை, ஒன்று யோசித்துப் பார். இந்த ஆறு உன் தோட்டத்தில் பிறக்கவில்லை. மேற்கே மலையில் பிறந்து, சிவகிரிப் பக்கத்துச் செம்மண், ராஜபாளையத்து மணல் என்று வழியெல்லாம் அள்ளிக்கொண்டு வருகிறது. கல்யாண வீட்டுச் சாம்பார் அண்டாவில் நீயும் ஒரு கத்தரிக்காய் போட்டிருக்கலாம். அதற்காக அண்டாவைக் கேட்டால் எப்படி? நீ கேட்டது தெரிந்தால் ராஜபாளையத்துக்காரர்களும் எழுத ஆரம்பிப்பார்கள். பிச்சையா வேலையை விட்டுவிடுவார்.

மண்ணைப் பார்த்துவிட்டு மறக்காமல் வைகாசி இருபது பற்றி எழுது. விஜி தினமும் ஆற்றைப் பார்த்து, "மாமா என்ன செய்யுது?" என்கிறாள். "எழுதுது" என்று சொல்லிவைத்திருக்கிறேன்.

சிவனாண்டி


மாவிலிப்புதூர்,
25.2.1998

மதிப்பிற்குரிய அத்தான் அவர்களுக்கு,

நலம். பார்சல் வந்தது. ஓரத்தில் தையல் விட்டுக் கால்வாசி மண் கோவில்பட்டியிலேயே நின்றுவிட்டது. மீதியைக் கொண்டு ஆய்வு செய்தேன். விவரம் கீழே.

கண்ணாடி டம்ளரில் பாதி மண், மேலே தண்ணீர். நன்றாகக் கலக்கி ஜன்னலில் வைத்தேன். கண்ணெதிரிலேயே மணல் கீழே இறங்கியது. கொஞ்ச நேரத்தில் அதன் மேல் செம்பழுப்பாக வண்டல் உட்கார்ந்தது. இரண்டு நாள் யாரையும் ஜன்னல் பக்கம் விடவில்லை. மூன்றாம் நாள் காலை, எல்லாவற்றுக்கும் மேலே, மை போல ஒரு பட்டை. விரலில் தொட்டேன், பசை போல ஒட்டியது. கரிசல். என் கரிசல். பத்து வயதில் செருப்பைப் பிடுங்கிக்கொண்ட மண்ணை எனக்குத் தெரியாதா?

அளந்தேன். மொத்த மண் நாலு விரல்கடை. அதில் கறுப்பு அரை விரல்கடை. எட்டில் ஒரு பங்கு.

நான் நியாயம் மீறிப் பேசுகிறவன் இல்லை. சாம்பார் அண்டாவைக் கேட்கவில்லை. என் கத்தரிக்காயை மட்டும் கேட்கிறேன். படுகையில் எட்டில் ஒரு பங்கு எனக்கு. முருங்கை முழுவதும் எனக்கு.

டம்ளரைச் சாட்சியாக வைத்திருந்தேன். உங்கள் தங்கை அதைக் கழுவி எனக்கே காப்பி ஊற்றிக் கொடுத்துவிட்டாள். கேட்டதற்கு, "வீட்டுல இருக்கது ஒரே கண்ணாடி டம்ளரு. அதுல மண்ணைப் போட்டு மூணு நாளாச் சாமி கும்பிடுதீங்க. எங்க அண்ணன் வந்தா எதுல காப்பி குடுக்க?" என்றாள். உன் அண்ணன் வர மாட்டார் என்றேன். நான் எழுதியது உண்மை என்பதற்கு அந்தக் காப்பியில் கடைசி வாய் நறநறத்ததே சாட்சி.

மந்திரமூர்த்தி


செங்கமடை,
15.3.1998

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

சுகம். உன் ஆய்வை உன் அக்காளுக்குப் படித்துக்காட்டினேன். "எந் தம்பிய பத்தாவதோட நிப்பாட்டிப் போட்டாகளே!" என்று வருத்தப்பட்டாள்.

எட்டில் ஒரு பங்கு உனக்கு உண்டு. ஒத்துக்கொள்கிறேன். ஆனால் எந்த எட்டில் ஒன்று? உன் டம்ளர் சொல்கிறபடி உன் மண் மேலே இருக்கிறது. அப்படியானால் ஏக்கர் முழுவதும் மேல்தோல் உன்னுடையது, அதற்குக் கீழே என்னுடையது. நான் வெள்ளரி போட்டிருக்கிறேன். விதை உன் மண்ணில் முளைத்து, வேர் என் மண்ணுக்கு இறங்கி, கொடி திரும்ப உன் மண் மேல் படர்ந்து காய்க்கிறது. அதன் மேல் நடந்து போகவே எனக்குக் கூச்சமாக இருக்கிறது. செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் போகிறேன்.

சரி, ஓரமாகப் பன்னிரண்டு சென்ட் பிரித்துவிடுவோம் என்று கல் ஊன்றினேன். புது வண்டல் அல்லவா, களியில் கரண்டி வைத்த மாதிரி கல் ஒரு வாரத்தில் சாய்ந்துவிட்டது. இரண்டு தடவை நிமிர்த்தினேன். ஒரு தடவை என் பக்கம் சாய்கிறது, ஒரு தடவை உன் பக்கம். அதற்கே முடிவு தெரியவில்லை.

அதனால் கல்லை விட்டுவிட்டுக் காய்க்கு வந்தேன். எட்டு வெள்ளரிக்கு ஒன்று உனக்கு. இன்று உன் அக்காள் கொண்டுவருவாள். கடிதம் ஒரு வாரம் கழித்து வரும். அதுவரை என்ன காய் இது என்று முறைத்துக்கொண்டு இருக்காமல் சாப்பிடு.

இப்போது முக்கியமான விஷயம். காதுகுத்துப் பத்திரிகை அடிக்கக் கோவில்பட்டி அச்சகத்துக்குப் போயிருந்தேன். "தாய்மாமன் பேரு போடவா, இடம் விடவா?" என்று அச்சகத்துக்காரர் கேட்டார். என்ன சொல்ல என்று தெரியவில்லை. கடலை மிட்டாய் வாங்கிக்கொண்டு திரும்பிவிட்டேன். போட்டுவிட்டு நீ வராமல் போனால் பிள்ளையை யார் மடியில் வைப்பது? போடாமல் விட்டால் உன் அக்காளை யார் சமாதானம் செய்வது? ஒரு வார்த்தை எழுது.

சிவனாண்டி


மாவிலிப்புதூர்,
30.3.1998

அத்தான் அவர்களுக்கு,

நலம். வெள்ளரி இருபத்து மூன்று வந்தது. எட்டால் பெருக்கினால் நூற்று எண்பத்து நான்கு. நீங்கள் பறித்ததை நான் கொல்லையில் நின்று எண்ணினேன், நூற்றுத் தொண்ணூற்றிரண்டு. ஒன்று குறைகிறது. மருமகள் தின்றிருந்தால் கணக்கில் சேர்க்க வேண்டாம்.

நல்ல வெள்ளரி. ஆட்சேபணையோடுதான் சாப்பிட்டேன்.

பத்திரிகையில் பெயர் போடுவது உங்கள் இஷ்டம். ஆனால் பெயர் மடியில் பிள்ளை உட்காராது, ஆள் மடியில்தான் உட்காரும். அதனால் ஆளைப் பற்றிச் சொல்கிறேன்.

அன்றைக்கு ஆற்றுச் சத்தத்தில் ஒன்றும் கேட்கவில்லை. நீங்கள் துண்டை வீசினீர்கள். ‘வா’ என்று தெரிந்தது. ஏதோ சொல்ல நினைக்கிறார், கிட்டப் போய்ப் பார்ப்போம் என்று பத்து அடி முன்னால் வந்தேன். திரும்பவும் வீசினீர்கள். இன்னும் நாலு அடி வந்தேன். என் காலுக்கு ஒரு முழம் முன்னால் கரை வெடித்து, முருங்கையோடு உள்ளே போனது. நிமிர்ந்து பார்த்தால் நீங்கள் இரண்டு கையையும் ஆட்டிக்கொண்டு குதிக்கிறீர்கள். என் மண் வந்த சந்தோஷத்தில் குதிக்கிறீர்கள்.

அது எதற்கு என்று மட்டும் எழுதுங்கள். வேறு எதுவும் எழுத வேண்டாம். மற்றதெல்லாம் மண்தான்.

மந்திரமூர்த்தி


செங்கமடை,
3.5.1998

அன்புத் தம்பி மந்திரமூர்த்திக்கு அக்காள் கல்யாணசுந்தரி எழுதுவது.

நாங்கள் சுகம். உனக்கு வேனல் கட்டி வந்திருப்பதாக அழகுத்தாய் சொன்னாள். சந்தனம் இழைத்துப் போடு.

தினமும் ஆற்றைத் தாண்டி வருகிறவள் எதற்குத் தபாலில் எழுதுகிறாள் என்று கேட்காதே. கையில் கொடுத்தால் நீ வாங்க மாட்டாய். முத்திரை குத்தி வந்தால்தான் படிக்கிறாய். உன் அத்தான் பதில் போடவில்லை என்று ஒரு மாதமாக நீ பிச்சையாவின் சைக்கிளையே பார்த்துக்கொண்டு நிற்பது எனக்கும் தெரியும். இவர் ஏழு இன்லாண்டு வாங்கி வீணாக்கிவிட்டார். எடுத்துப் பார்த்தேன். ஏழிலும் ‘அன்புள்ள மாப்பிள்ளைக்கு, இங்கு எல்லோரும் சுகம்’ என்பதோடு நிற்கிறது.

நேற்றுப் பிடித்து உட்காரவைத்துக் கேட்டேன். "ஏட்டி, சும்மா இரு" என்றார். நான் சும்மா இருக்கவில்லை. அப்புறம்தான் வாயைத் திறந்தார். அவர் சொன்னபடியே எழுதுகிறேன்.

"அவன் நிக்குத எடத்துக்கு முன்னால, கரைக்கு அடியில, கோடு மாரி வெடிச்சிருக்கு. எனக்கு இங்கருந்து தெரியுது, அவனுக்குத் தெரியல. போ போன்னுதான் வீசுனேன். மழையில நனைஞ்ச துண்டு. தள்ளி வீசுனா சுருண்டு எம் மேலயே வந்து விழுது. அவன் அதைப் பாக்கான், முன்னால வாரான். நான் இன்னும் வேகமா வீசுதேன், அவன் இன்னும் வாரான். நான் வீச வீச அவன் வாரான்டி! துண்டைத் தூக்கி ஆத்துல எறிஞ்சிட்டு ரெண்டு கையையும் வச்சுத் தள்ளுதேன், தள்ளுதேன், ஆத்துக்கு இந்தப் பக்கம் நின்னுட்டு. அவன் மண்ணைக் கேக்கான், நான் ஒரு ஏக்கரையும் குடுத்துருவேன். நாந்தான் உன்னைக் கூப்பிட்டுக் குழியில தள்ளப் பாத்தேன்னு எப்படிட்டி எழுத?"

இவ்வளவுதான் விஷயம். அன்றிலிருந்து தோளில் துண்டு போடுவதில்லை.

பத்திரிகையில் உன் பெயரைப் போடச் சொல்லிவிட்டேன். அதை அழிக்க அச்சகத்துக்காரரால்கூட முடியாது.

உன் அக்காள்,
கல்யாணசுந்தரி

ஒரு வெள்ளரி குறைந்தது விஜியால் இல்லை, என்னால்.


மாவிலிப்புதூர்,
14.5.1998

அன்புள்ள அத்தானுக்கு,

நலம். மிகவும் நலம்.

நாளைக்குக் கோவில்பட்டி ஜவுளிக்கடைக்குப் போகிறேன். மருமகளுக்குப் பட்டுப்பாவாடை எடுக்க இடுப்பு அளவும் உயரமும் வேண்டும். கடிதம் போட்டால் ஒரு வாரம் கழித்துத்தான் வரும். ஆகவே இதை அழகுத்தாய் கையில் கொடுத்தனுப்புகிறேன். இதை முன்மாதிரியாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

உங்களுக்கு நாலு முழத் துண்டா, ஐந்து முழமா? ஈரத்தில் சுருளாத ரகம் இருக்கிறதா என்று கேட்டுப் பார்க்கிறேன்.

எட்டில் ஒரு பங்கு விஷயம் அப்படியே நிற்கிறது. அதை மறந்துவிட்டதாக நினைக்க வேண்டாம்.

மந்திரமூர்த்தி


செங்கமடை,
10.6.1998

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

எல்லோரும் சுகம். இப்போதுதான் நீ இங்கே சாப்பிட்டுவிட்டுப் போனாய், நான் எழுத உட்கார்ந்தேன். நேற்றுப் பிச்சையா வந்து, "சமாதானமாயிட்டியளாமே, நல்லதுதான்" என்று சொன்ன முகம் நன்றாக இல்லை. வெயிலில் வந்து மோர் குடித்துவிட்டுப் போகிற மனுஷன். அதனால் மாதம் ஒன்றாவது போடுவோம்.

காதுகுத்துப் படம் வந்துவிட்டது. ஆசாரி ஊசியை எடுத்தபோது விஜி உன் மடியில் வாழைப்பழம் தின்றுகொண்டிருக்கிறாள். கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு வாயைப் பிளந்து அழுவது நீ. படத்தைப் பார்த்தவர்கள் எல்லோரும், "காது குத்துனது யாருக்கு?" என்று கேட்கிறார்கள். இரண்டு பிரதி போட்டிருக்கிறேன்.

நீ எடுத்துவந்த துண்டை இன்னும் நனைக்கவில்லை. பாலிதீன் பையில் போட்டு வைத்திருக்கிறேன். உன்னிடமும் அதே மாதிரி ஒன்று இருப்பதாக அழகுத்தாய் சொன்னாள். அதுவும் பையில்தான் இருக்கிறதாம்.

படுகை பற்றி உன் யோசனை சரி. மேல்தோலும் வேண்டாம், ஓரமும் வேண்டாம். சேர்ந்தே உழுவோம். முருங்கை உன்னுடையது. நிழல் யாருடையது என்று மட்டும் பிறகு பேசிக்கொள்ளலாம்.

சிவனாண்டி


மாவிலிப்புதூர் மற்றும் செங்கமடை,
21.12.1998

உயர்திரு நந்தகோபால் அவர்களுக்கு, சிவனாண்டியும் மந்திரமூர்த்தியும் சேர்ந்து எழுதிக்கொண்டது.

இங்கு நாங்கள் இரண்டு வீட்டாரும் சுகம். தாங்களும் தங்கள் குடும்பத்தாரும் ஆடு மாடுகளும் சுகம் என்று நம்புகிறோம். நாங்கள் தங்களுக்குப் பழக்கம் இல்லாதவர்கள். தங்கள் ஊருக்கு ஆற்று வழியாக ஏழு மைல் மேலே இருக்கிறோம். தாங்கள் சுகமாக இருக்கிறீர்களா என்பதை எங்கள் கொல்லையில் நின்று பார்க்க முடியவில்லை. ஆகவே பதிலில் தெரிவிக்கவும்.

எங்களுக்குக் கூட்டாக ஒரு ஏக்கர் படுகை இருந்தது. இந்தக் கார்த்திகை வெள்ளத்தில் ஆறு பழைய வழியை விட்டு, படுகையின் குறுக்கே விழுந்து ஓடிவிட்டது. அப்போது சிவனாண்டி வைக்கோல் படப்பைக் காப்பாற்றுகிறேன் என்று படுகையில் நின்றார். அவருக்குப் பின்னால் கோடு வெடித்ததை இக்கரையிலிருந்து பார்த்த மந்திரமூர்த்தி, பாலிதீன் பையைக் கிழித்துக் காய்ந்த துண்டை எடுத்து, கீழாகத் தள்ளி வீசினார். துண்டு சுருளவில்லை. சிவனாண்டி வைக்கோலை விட்டுவிட்டு ஒரே ஓட்டமாகக் கரைக்கு ஓடினார். அவர் கரையேறிய பிறகுதான் படுகை போனது. உயிர்ச்சேதம் இல்லை. இதைத் தாங்கள் கேட்கவில்லை. இருந்தாலும் எழுதிவைக்கிறோம்.

தங்கள் கரையில் புதிதாகத் தோசைக்கல் போல ஒரு படுகை விழுந்திருப்பதாகவும், அதன் நடுவில் பூவும் பிஞ்சுமாக ஒரு முருங்கை நிற்பதாகவும் எங்கள் தபால்காரர் பிச்சையா மூலம் அறிகிறோம். முருங்கை மந்திரமூர்த்தியுடையது. இந்த ஆற்றில் அதற்கு இது இரண்டாவது பயணம். அதைத் தாங்கள் வெட்ட வேண்டாம். தாராளமாகக் காய் பறித்துக்கொள்ளலாம்.

தாங்கள் மண்ணைக் கூப்பிட்டீர்கள் என்று நாங்கள் சொல்லவில்லை. ஆறு நடை தளர்ந்த இடத்தில் இறக்கி வைத்திருக்கிறது, அவ்வளவுதான். ஆனால் வாசலில் இறக்கிவைத்த போளிப் பெட்டி வாசல்காரருடையது ஆகாது என்பதைத் தங்களுக்குப் பணிவோடு தெரிவித்துக்கொள்கிறோம். ராஜபாளையத்துக்காரர்களும் எழுதினால் எங்கள் கடிதமே முந்தியது என்பதைக் குறித்துக்கொள்ளவும்.

ஆகவே, தங்கள் படுகையில் நான்கு மூலையிலும் மண் எடுத்து, பவுடர் டப்பாவில் வைத்து, தையல் விடாமல் தைத்து, பார்சலில் அனுப்பிவைக்கவும்.

டம்ளர் தயாராக இருக்கிறது. இந்தத் தடவை இரண்டு வாங்கிவிட்டோம்.

இப்படிக்கு,
சிவனாண்டி
மந்திரமூர்த்தி (மடியில் விஜி இருப்பதால் கையெழுத்துக் கோணல்)